பம்பு நிற்கிற நாளில்

தொலெமாயிதா
8 மே 2019

அன்பு அண்ணன் அனெஸ்திஸுக்கு,

கிறிஸ்து உயிர்த்தெழுந்தார்! உன் மச்சான் யோர்டானிசின் முதுகுவலியைத் தவிர இந்த வீட்டில் வேறு நோய் இல்லை. உன் காதைப் பற்றி விசாரிக்கமாட்டேன், அதுதான் போய்விட்டதே. அண்ணியும் பெண்ணும் சுகந்தானே? போனில் நான் கத்தினாலும் உனக்குக் கேட்காது. கைப்பேசிக்கு எழுதி அனுப்பினால் உனக்கு முன்னால் அண்ணி படித்துவிடுகிறாள். அதனால்தான் காகிதம்.

போன ஞாயிற்றுக்கிழமை தோமாவின் ஞாயிறு, ஈஸ்டருக்கு அடுத்த வாரம். நம் பழைய ஊர் பெத்ரோபிகிக்குப் போய், வழக்கம்போலக் கல்லறைகள்மேல் விரிப்பு விரித்துச் சாப்பிட்டோம். கடைசி முறை. ஊரில் ஒரு கதவுகூட மிச்சமில்லை, எல்லாவற்றையும் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். ஆனாலும் டவுனிலிருந்து எல்லாரும் கார் எடுத்துக்கொண்டு வந்திருந்தார்கள். சிவப்பு முட்டை, எண்ணெயில் பொரித்த அப்பம், சாராயம். அம்மாவின் பங்கை அவள் தலைமாட்டில் வைத்தேன். பக்கத்துக் கல்லறையில் புருஷனுக்குச் சாராயம் ஊற்றிக்கொண்டிருந்த டோம்னா அம்மாவின் கல்லறையைப் பார்த்துப் பேசினாள்.

“நல்லா சாப்பிடு எவ்லம்பியா. அடுத்த வருஷம் நீயும் எங்க வீட்டுக்காரரும் அடுக்குமாடி. மேல வீட்டுக்காரி சத்தம் போட்டா என்கிட்ட சொல்லு, வந்து கேக்கறேன்.”

எல்லாரும் சிரித்தோம். அடுக்குமாடி என்றால், ஊரைக் காலிசெய்தவர்களுக்கான புதுக் குடியிருப்பில் கட்டியிருக்கும் எலும்பு வீடு. அலமாரி அலமாரியாக இருக்கிறது. அங்கே கோயில் முடியவில்லை, புதைக்க நிலம் ஒதுக்கவில்லை, ஆனால் எலும்பு வைக்க இடம் தயார்.

சாப்பாட்டுக்கு நடுவில் கான்ட்ராக்டரின் ஆள் ஒருவன் தலைக்கவசத்தோடு வந்தான். அக்டோபர் கடைசியில் வருகிற புனித திமித்ரி நாளுக்குள் நிலக்கரிச் சுரங்கத்தின் குழி கல்லறை வேலிக்கு வந்துவிடுமாம். அதற்குள் எல்லாரையும் எடுத்தாக வேண்டுமாம். குடும்பம் குடும்பமாக நாள் சொன்னான். டோம்னா விடவில்லை.

“ஏன் தம்பி, உயிரோட இருந்தவங்கள வெளியேத்தினப்ப இப்படி மரியாதையா பேர் சொல்லிக் கூப்பிடலையே?”

அவன் காதில் விழாததுபோல அடுத்த பெயரைப் படித்தான்.

அம்மாவுக்கு ஜூன் 18. குழியிலிருந்து எடுக்கிற தலையோட்டை வெள்ளைத் துணியில் வாங்கவேண்டியவன் மகன். மருமகன் வாங்கினால் ஊர் சிரிக்கும். இரண்டரை வருடந்தான் ஆகிறது, மண் வேலையை முடித்து எலும்பை மட்டும் விட்டிருக்குமா என்று பாதிரியார் தயங்குகிறார். சுரங்கத்துக்கு அந்தத் தயக்கமெல்லாம் கிடையாது. அம்மாவை அங்கே விட்டுவிட்டால் சாம்பலோடு சாம்பலாகக் கன்வேயரில் போய்விடுவாள். நீ வா.

தபால்காரனின் முகத்தைத் தினமும் பார்த்துக்கொண்டிருக்கும்,
உன் தங்கை சிமெலா


மன்ஹைம்
29 மே 2019

அன்புத் தங்கை சிமெலாவுக்கு,

மெய்யாகவே உயிர்த்தெழுந்தார்! உன் கடிதம் வந்து நாளாகிறது. நாங்கள் நலம். யோர்டானிசைச் சுரங்கத்து எந்திரத்தில் உட்காரும்போது இடுப்பில் பட்டை கட்டிக்கொள்ளச் சொல்.

என்னால் வர முடியாது. பார்சல் கிடங்கில் ஜூனில் யாருக்கும் விடுப்பு இல்லை. இங்கேயும் நான் கான்ட்ராக்ட் ஆள்தான். அங்கே அனல்மின் நிலையத்தில் பதினோரு வருடம் டர்பைன் பக்கத்தில் நின்றேன். கான்ட்ராக்ட் ஆள் என்று காதுக்கு ஒரு பஞ்சுகூடத் தரவில்லை. நினைவிருக்கிறதா, எங்கள் போர்மேன் சொல்வார்: “காத நம்பாதடா, கைய நம்பு. பேரிங் கெட்டா கைக்குத்தான் மொதல்ல தெரியும்.” இப்போதும் கிடங்கின் பெல்ட்மேல் உள்ளங்கையை வைத்து, இந்த உருளை போகப்போகிறது என்று சொல்கிறேன். ஜெர்மன்காரன் சிரிக்கிறான். மறுநாள் உருளை போகிறது.

விடுப்பு மட்டுந்தான் காரணம் என்று எழுதினால் நீ நம்பமாட்டாய். வீட்டைச் சுரங்கத்துக்குக் கொடுக்கிற காகிதத்தில் அம்மாவின் கையைப் பிடித்துக் கையெழுத்துப் போடவைத்தவன் நான். அதில் தப்பு இல்லை என்று இன்றும் சொல்வேன். ஊரே போட்டது. போடாதவன் வீட்டையும் எடுத்துக்கொண்டார்கள். ஆனால் அவள் சொன்னது உனக்கும் கேட்டது. “என்னைய இந்த மண்ணுலேர்ந்து கெளப்புறவன், நான் செத்தாலும் என் மொகத்துல முழிக்கக் கூடாது.” அதற்கப்புறம் நான் ஜெர்மனிக்கு பஸ் ஏறியபோது வாசலுக்குக்கூட வரவில்லை. அடக்கத்துக்கு நான் வந்து சேர்ந்தபோது பெட்டியை மூடிவிட்டார்கள்.

ஆகவே நீயே வாங்கு. ஊர் சிரித்தால் சிரிக்கட்டும். எனக்கு ஒன்றை மட்டும் எழுது, எலும்பு என்ன நிறம்? தேன் நிறம் என்றால் அவள் எல்லாரையும் மன்னித்துவிட்டுப் போயிருக்கிறாள். கறுப்பென்றால் அதையும் எழுது. மண்ணே அவளை ஏற்காமல் உடம்பு கரையாமல் கிடந்தால்… அப்படி இருக்காது.

உங்கள் எல்லாருக்கும் உடம்புக்குச் சுகம் வேண்டும்,
அண்ணன் அனெஸ்திஸ்


தொலெமாயிதா
25 ஜூன் 2019

அன்பு அண்ணனுக்கு,

நலமாக இருக்கிறோம், நீயும் அப்படியே இருப்பாய் என்று நம்புகிறேன்.

தேன் நிறம், அண்ணா. ஈஸ்டர் மெழுகுவத்தி நிறம். பாதிரியார் திராட்சை ரசத்தில் கழுவினார். நான்தான் வெள்ளைத் துணியில் வாங்கினேன், யாரும் சிரிக்கவில்லை. டோம்னாகூட வாயைத் திறக்கவில்லை. பெட்டியில் வைத்தோம். எல்லாம் முறைப்படி நடந்தது. நீ நிம்மதியாகத் தூங்கு.

வேறு செய்தி இல்லை. கோடை வந்துவிட்டது, மழைதான் வரவில்லை. வாரத்தில் இரண்டு முறை மேலே ஊருக்குப் போய் அம்மா தலைமாட்டு ரோஜாவுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு வருகிறேன். யோர்டானிசுக்கு முதுகு பரவாயில்லை.

அண்ணிக்கு என் விசாரிப்புகள்,
சிமெலா


மன்ஹைம்
20 ஜூலை 2019

என் அன்புத் தங்கைக்கு,

உனக்கும் யோர்டானிசுக்கும் கடவுள் நூறு வயது கொடுக்கட்டும். உன் கடிதத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு திரிகிறேன். நம் ஆட்கள் கூடும் காபிக் கடையில் எல்லாருக்கும் என் செலவில் ஊற்றச் சொன்னேன். டோம்னாவின் அண்ணன் மகன் சவ்வாஸ் இருந்தான், அவனும் குடித்தான். “எங்கம்மா தேன் நிறத்துல வந்துட்டாடா” என்று நானே கத்தியிருக்கிறேன். என் சத்தம் எனக்குக் கேட்காது, கடையே திரும்பிப் பார்த்ததாம். அண்ணி தலையில் அடித்துக்கொண்டாள்.

ஐந்து வருடமாக நெஞ்சில் ஒரு கல் கிடந்தது. இப்போது இல்லை. அவள் கோபம் வாயில் வந்த கோபந்தான், எலும்புவரை போகவில்லை.

பெட்டியை ஒரு படம் எடுத்து அனுப்பு. அலமாரியில் எந்தப் பக்கம், யார் பக்கத்தில் என்று எழுது.

ஒன்று கேட்க மறந்தேன். அம்மாவை எடுத்தாயிற்று. காலிக் குழிக்குப் பக்கத்தில் இருக்கிற ரோஜாவுக்கு எதற்காக வாரம் இரண்டு முறை போகிறாய்? வேரோடு பிடுங்கி டவுனுக்குக் கொண்டுவந்துவிடு.

நீங்கள் நலமாக இருந்தால் நானும் நலம்,
அனெஸ்திஸ்


தொலெமாயிதா
30 ஆகஸ்ட் 2019

அன்பு அண்ணனுக்கு,

எல்லாரும் நலமென்று நினைக்கிறேன். பதில் தாமதமாகிவிட்டது. வெயில் ஆளை உட்காரவிடவில்லை.

எலும்பு வீட்டுக்குள் படம் எடுக்கப் பாதிரியார் விடமாட்டேன் என்கிறார். நீ வரும்போது பார்த்துக்கொள்ளலாம். ரோஜாவின் வேர் ஆழமாகப் போயிருக்கிறது, கோடையில் பிடுங்கினால் செத்துவிடும்.

தண்ணீரை இங்கிருந்துதான் கேனில் கொண்டுபோகிறோம். நம் கிணற்றின் அடி தெரிகிறது. ஊரைச் சுற்றிக் கண்ணுக்கெட்டிய இடமெல்லாம் பம்பு. குழிக்குள் ஊற்று வந்தால் எந்திரம் முங்கிவிடுமாம், அதனால் பூமிக்குள் இருக்கிற தண்ணீரையெல்லாம் இரவும் பகலும் உறிஞ்சி ஆற்றில் விடுகிறார்கள். ஊர்த் தடுப்பில் உட்கார்ந்திருக்கிற காவலாளி கேன்களைப் பார்த்துவிட்டுக் கேட்கிறான்: “இன்னும் யாருக்கு தாகம் அங்க?” யோர்டானிஸ், “உங்கப்பனுக்கு” என்றான். அந்தக் காவலாளியும் நம் ஊர்க்காரன்தான். அவன் அப்பாவை ஜூலையில் எடுத்தார்கள். சிரித்துக்கொண்டே தடுப்பைத் தூக்கிவிட்டான்.

யோர்டானிசின் எந்திரம் வேலிக்கு வெகு அருகில் வந்துவிட்டது. மண்ணை வெட்டுகிற அந்தப் பெரிய சக்கரம் சுற்றுகிறபோது கல்லறைச் சிலுவைகள் ஆடுகின்றன. தன் கல்யாணம் நடந்த கோயிலைத் தானே வெட்டி எடுக்கப்போகிற ஆள், சாயங்காலம் வந்து கையைக் கழுவுகிறான். தட்டைப் பார்க்கிறான், சாப்பிடுகிறான், தூங்குகிறான். சம்பளம் வருகிறது.

அக்டோபர் எப்போது வரும் என்றிருக்கிறது. ஏன் என்று கேட்காதே.

உன் உடம்பைப் பார்த்துக்கொள்,
சிமெலா


தொலெமாயிதா
27 செப்டம்பர் 2019

அன்பு அண்ணனுக்கு,

உன் கடிதத்துக்குக் காத்திராமல் எழுதுகிறேன். நலம் விசாரிக்கிற மனநிலையில் இல்லை, மன்னித்துக்கொள்.

நீயும் செய்தியில் படித்திருப்பாய். பிரதமர் வெளிநாட்டு மேடையில் நின்று சொல்லிவிட்டார். 2028க்குள் பழுப்பு நிலக்கரி நிலையங்கள் எல்லாவற்றுக்கும் மூடுவிழா. கைதட்டினார்களாம். ஒரு காலத்தில் இந்த நாட்டு விளக்குகளில் பாதிக்குமேல் நம் மண்ணின் கரியில் எரிந்தன. இப்போது நம் கரி அழுக்கு. அழுக்குதான், நான் இல்லையென்று சொல்லவில்லை. நாற்பது வருடமாக என் துணிக்கொடியில் சாம்பல் விழுந்தபோது யாருக்கும் அது தெரியவில்லையே என்றுதான் கேட்கிறேன்.

காபிக் கடையில் ஒரே சத்தம்.

“கரி இல்லன்னா லைட்டு எதுலடா எரியும்?”

“ரஷ்யாக்காரன் கேஸுல. மலைமேல நட்டு வெச்சிருக்கான் பாரு, அந்தக் காத்தாடியில.”

“அப்ப என் நுரையீரல்ல இருக்கற கரி?”

“அது உனக்கு இனாம்டா. வெச்சுக்க.”

பெத்ரோபிகிப் பக்கம் இனி வெட்டப்போவதில்லை. யோர்டானிசின் எந்திரத்தை வேலிக்கு வெளியே நிறுத்திவிட்டார்கள். கான்ட்ராக்டர் கூடாரத்தைச் சுருட்டிக்கொண்டு போய்விட்டான். கோயில் நிற்கிறது, பள்ளிக்கூடம் நிற்கிறது, நம் வீட்டுச் சுவர்கள் நிற்கின்றன. சாப்பிட உட்கார்ந்தவன் பரிமாறினதையெல்லாம் பிசைந்துவிட்டு, பசியில்லை என்று தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோனதுபோல இருக்கிறது. திரும்பிப் போகலாமா என்று நகராட்சியில் கேட்டேன். அந்தப் பெயரில் இப்போது ஊர் கிடையாது என்றார்கள்.

கான்ட்ராக்டர் போனது எனக்கு எவ்வளவு பெரிய இடி என்று உனக்குப் புரியாது.

சிமெலா


மன்ஹைம்
3 நவம்பர் 2019

சிமெலாவுக்கு,

நலமா?

காது கேட்காதவனிடம் ஊர்வம்பு பேச முடியாது, எழுதித்தான் காட்டவேண்டும். சவ்வாஸ் பீர்க் கோப்பைக்கு அடியில் வைக்கிற அட்டையைத் திருப்பி எழுதி என் முன்னால் தள்ளினான். “மாமா, ஒங்கம்மாவ மண்ணு தின்னலையாமே? எங்க அத்த சொல்லுது.” அவனை அடிக்கக் கையை ஓங்கினேன். அவன் பயப்படவில்லை. பரிதாபமாகப் பார்த்தான். அப்போதுதான் அது உண்மையென்று தெரிந்தது.

ஜூலையில் அவனுக்கு நான் ஊற்றிக் கொடுத்தேன். ஐந்து மேசைக்கு ஊற்றிக் கொடுத்தேன். தேன் நிறமாம், மெழுகுவத்தியாம். உனக்கு எழுத எப்படிக் கை வந்தது?

ரோஜாவுக்குத் தண்ணீர்! நான் முட்டாள். வீட்டில் இருந்த ஒரே பூச்சட்டியைக் காயவிட்டவள் நீ.

அவளை எங்கே வைத்திருக்கிறாய்? டவுனிலா, மேலேயா? அவள் என்னை மன்னிக்கவில்லை, அது எனக்கும் அவளுக்கும் உள்ள கணக்கு. நடுவில் நீ யார்? என் முகத்தில் முழிக்காதே என்றாள். சொல், அவள் முகம் இருக்கிறதா?

அனெஸ்திஸ்


தொலெமாயிதா
14 நவம்பர் 2019

அன்பு அண்ணனுக்கு,

உன் கோபம் சரி. உன் உடம்புக்கு ஒன்றும் ஆகாமல் இருக்கவேண்டும் என்று கும்பிட்டுக்கொண்டே எழுதுகிறேன்.

இருக்கிறது. முகம் இருக்கிறது. தூங்கி எழுந்து இன்னும் காபி குடிக்காத முகம். நாடியைக் கட்டிய துணிகூட அவிழவில்லை. தோல் மட்டும் பழைய செருப்புபோல இறுகிக் கறுத்துவிட்டது. நாற்றமே இல்லை. மூக்கைப் பொத்திக்கொண்டு நின்ற ஆட்கள் கையை எடுத்துவிட்டுப் பார்த்தார்கள். நான் வெள்ளைத் துணியை விரித்துப் பிடித்தபடி நின்றேன், அதில் வாங்க ஒன்றும் இல்லை.

பாதிரியார் பின்னால் நகர்ந்தார். டோம்னா சிலுவை போட்டுக்கொண்டு குழிக்குள் குனிந்தாள்.

“யாருமேல இவ்வளவு கோவம், எவ்லம்பியா?”

யாரும் என்னைப் பார்க்கவில்லை, அண்ணா. மகன் எங்கே என்று பார்த்தார்கள். அப்போது யோர்டானிஸ் குழிக்குள் குதித்தான். ஒரு பிடி மண்ணை அள்ளி டோம்னாவின் முகத்துக்கு நேரே ஊதினான். மாவுபோலப் பறந்தது.

“கோவமாம் கோவம்! மண்ணோட வாயே காஞ்சு கெடக்கு, இது எதத் திங்கும்? அஞ்சு வருஷமா அடியில இருக்கற தண்ணிய உறிஞ்சறோம். நானே போய் அந்தக் குழாய எறக்கினேன். சாபமா இது? பம்பு!”

“பம்புன்னா என் வீட்டுக்காரர் மட்டும் எப்படி சுத்தமா வந்தாரு?”

“அவரு தண்ணி இருந்த காலத்துல செத்தாரு அத்த. புண்ணியவான்.”

பாதிரியார் எந்தப் பக்கமும் சேராமல் புத்தகத்தைப் புரட்டினார். அவருக்கும் சம்பளம் வரவேண்டுமே.

கடைசி வரிசையில் அம்மாவோடு சேர்த்து மூன்று பேர் அப்படி இருந்தார்கள். இது எனக்கு ஆகஸ்டில்தான் தெரிந்தது. மற்ற இரண்டு வீட்டாரும் பெட்டியோடு டவுன் கல்லறைக்குக் கொண்டுபோய், மூலையில் திரும்பப் புதைத்துவிட்டு வாயை மூடிக்கொண்டார்கள். அவரவர் வீட்டில் என்ன பாவம் என்று தேடிக்கொண்டிருக்கிறார்கள். மூன்று வீடு, மூன்று வெட்கம், ஒரே பம்பு. கம்பெனியிடம் ஒருவரும் கேட்கவில்லை. கேட்டால் ஊருக்குத் தெரிந்துவிடும் அல்லவா?

நானும் யோக்கியம் இல்லை. அம்மாவை டவுனுக்குக் கொண்டுபோனால் விஷயம் உனக்கு எட்டிவிடும் என்று பயந்தேன். அதே குழியில் திரும்ப வைக்கச் சொன்னேன். கான்ட்ராக்டர் ஆள் அக்டோபர்வரை நேரம் கொடுத்தான். மண்ணுக்குத் தண்ணீர் காட்டினால் நாலு மாதத்தில் தன் வேலையைச் செய்துவிடும், அப்போது எடுத்துக்கொள்ளலாம், நான் எழுதியதும் உண்மையாகிவிடும் என்று கணக்குப் போட்டேன். கோடை முழுவதும் கேன் தூக்கியது அதற்குத்தான். ரோஜா ஜூலையிலேயே அழுகிவிட்டது, தண்ணீர் அதிகமாகி.

இப்போது எந்திரம் நின்றுவிட்டது, தோண்ட ஆள் இல்லை. அனுமதி கேட்டு இரண்டு அலுவலகம் ஏறினேன். இல்லாத ஊரின் கல்லறைக்கு யார் கையெழுத்துப் போடுவது என்று ஒருவரையொருவர் காட்டுகிறார்கள். ஆக பெத்ரோபிகியில் எல்லாரும் போய்விட்டார்கள். போகமாட்டேன் என்று சொன்ன ஒரே ஆள் மட்டும் இருக்கிறாள்.

நீ கையெழுத்துப் போடவைத்தபோது அவள் சொன்னதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. திட்டுவதற்காகவாவது எழுது.

சிமெலா


தொலெமாயிதா
6 ஜனவரி 2020

அண்ணனுக்கு,

இன்று ஆண்டவரின் திருமுழுக்குத் திருநாள், சிலுவையை ஆற்றில் போட்டார்கள். அதை எடுக்கப் பையன்கள் குதித்தார்கள். உன் வீட்டில் எல்லாரும் சுகமாக இருக்க வேண்டிக்கொண்டேன். நீ பதில் எழுதாதது இது எட்டாவது வாரமோ என்னவோ, எண்ணுவதை நிறுத்திவிட்டேன்.

யோர்டானிசைத் தெற்கே மெகலோபோலிச் சுரங்கத்துக்கு மாற்றிவிட்டார்கள். போகாவிட்டால் வேலை இல்லை. அங்கேயும் மூன்று வருடந்தான் என்கிறார்கள், பிறகு எங்கே என்று யாருக்கும் தெரியாது. நம் பாட்டன்மார்களை அகதிகளாகக் கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்து இங்கே இறக்கினார்கள், அப்பா காலத்தில் சுரங்கம் வயலை எடுத்தது, நம் காலத்தில் வீட்டை எடுத்தது. இப்போது எங்களையே எடுத்துக்கொண்டு போகிறது. மாதக் கடைசியில் கிளம்புகிறோம்.

வீட்டுச் சாவி டோம்னாவிடம் இருக்கும். வாடகை கோடைவரை கட்டியிருக்கிறேன். அனல்மின் நிலையத்திலிருந்து குழாயில் வெந்நீர் வருகிறது, வீடு சூடாகவே இருக்கும். நிலையம் மூடும்வரை.

கேன் இரண்டும் கதவுக்குப் பின்னால்.

மேலே பனி. குழாய்களின் வாயில் ஐஸ் தொங்குகிறது. எந்திரம் நின்றாலும் பம்பை நிறுத்தவில்லை, நிறுத்தினால் குழி ஏரியாகிவிடுமாம். எனவே நான் ஊற்றுகிற தண்ணீர் எங்கே போகிறது என்று எனக்கே தெரியும். இருந்தும் ஊற்றினேன். ஊற்றாமல் என்ன செய்வது?

சாபம் என்று நினைத்தால் வராதே. பம்பு என்று நினைத்தால் வா.

போகிற இடத்து முகவரியைப் பின்பக்கம் எழுதியிருக்கிறேன்.

சிமெலா


தொலெமாயிதா
2 மார்ச் 2020

அன்புத் தங்கை சிமெலாவுக்கு,

நீயும் யோர்டானிசும் அந்த ஊர்த் தண்ணீருக்குப் பழகியிருப்பீர்கள். எனக்கு ஒன்றுமில்லை. கிடங்கில் சொல்லிவிட்டு வந்துவிட்டேன். அண்ணியிடமும் சொன்னேன், அவள் சொன்னது எனக்குக் கேட்கவில்லை. கேட்காததே நல்லது.

டோம்னா கதவைத் திறந்தாள். வாயசைவு நன்றாகத் தெரிந்தது: “வந்துட்டியாடா செவிடா?” சாவியைத் தருவதற்கு முன்னால் சூப்பு கொடுத்தாள். குடித்து முடிக்கிறவரை எதிரில் உட்கார்ந்து எதையோ பேசிக்கொண்டே இருந்தாள். கடைசியில் மேசையில் சிந்தியிருந்த மாவில் விரலால் எழுதிக் காட்டினாள். “கோவம்னு சொன்னது என் தப்பு.” நான் தலையாட்டியதும் கையால் அழித்துவிட்டு ரொட்டி பிசையப் போனாள்.

கேன்களை எடுத்துக்கொண்டு மேலே போனேன். தடுப்பில் ஆள் இல்லை, அவனையும் நிறுத்திவிட்டார்களாம். நம் வீட்டுக்குள் போகவில்லை. நேராக வேலிக்குப் போனேன். யோர்டானிசின் எந்திரம் அங்கேயே நிற்கிறது, சக்கரத்தில் பறவை கூடு கட்டியிருக்கிறது. வேலிக்கும் அதற்கும் நடுவில் ஒரு வீட்டுப் புழக்கடை அளவுதான் இருக்கும்.

அம்மா தலைமாட்டில் நின்றேன். “வந்துட்டேன், மொகத்தைப் பாக்கல, மண்ணத்தான் பாக்கறேன்” என்றேன். எவ்வளவு சத்தமாகச் சொன்னேனோ தெரியாது. காக்கைகள் எழுந்து பறந்தன.

அப்புறம் மண்டிபோட்டு மண்மேல் உள்ளங்கையை வைத்தேன்.

சிமெலா, அது நடுங்குகிறது. டர்பைன்போல இல்லை, சின்ன நடுக்கம், விடாத நடுக்கம். தூங்குகிற நாயின் வயிற்றில் கை வைத்ததுபோல. கொஞ்சம் தள்ளி வைத்தேன், அங்கேயும். கோயில் சுவரில் வைத்தேன். நம் வீட்டு நிலைப்படியில் வைத்தேன். எல்லா இடத்திலும் பம்பு ஓடுகிறது. மூன்று வருடமாக அவள் முதுகுக்கு அடியில் இது ஓடிக்கொண்டிருக்கிறது. காது இருந்தவர்களுக்கு ஏன் தெரியவில்லை?

இரண்டு கேனையும் ஊற்றினேன். மண் உறிஞ்சிக்கொண்டது, பார்த்துக்கொண்டிருக்கும்போதே காய்ந்தது. மறுபடியும் கீழே வந்து நிரப்பிக்கொண்டு போனேன். இப்போது தினமும் போகிறேன். டோம்னாவின் சைக்கிளில் கேனைக் கட்டிக்கொள்கிறேன்.

பம்பு அலுவலகத்தில் போய்க் காகிதத்தில் எழுதிக் கேட்டேன், எப்போது நிறுத்துவீர்கள் என்று. மேசையில் இருந்த பெண் நல்லவள். அவளும் எழுதிக் காட்டினாள்: “குழியை மூடும்வரை ஓடும். எப்போது மூடுவார்கள் என்று எங்களுக்குச் சொல்லவில்லை.” காகிதத்தைத் திருப்பித் தரும்போது, உங்களுக்கு அங்கே நிலம் இருக்கிறதா என்று கேட்டாள். அம்மா இருக்கிறாள் என்று எழுதினேன்.

வயல்களில் கண்ணாடிப் பலகை நடப்போகிறார்களாம், வெயிலில் கரண்டு எடுக்க. கம்பு நட்டுக் கயிறு கட்டியிருக்கிறார்கள். கல்லறையைச் சுற்றி வளைத்துப் போகிறது கயிறு.

ஒவ்வொரு நாளும் தண்ணீர் ஊற்றுவதற்கு முன்னால் கையை வைத்துப் பார்க்கிறேன். அது நிற்கிற நாளில் உனக்கு எழுதுகிறேன். அதுவரை என்னிடமிருந்து கடிதம் வராது. நான் செத்துவிட்டேன் என்று நினைத்துக்கொள்ளாதே. பம்பு ஓடுகிறது என்று நினைத்துக்கொள்.

உங்கள் இருவருக்கும் சுகம் கேட்டுக்கொண்டு,
அண்ணன் அனெஸ்திஸ்